மடோனாவின் 1985 கச்சேரி 'ப்ளூரே'யா? வாங்காதீர்கள்

'தி வெர்ஜின் டூர்' ப்ளூரே (டிவிடியைவிடப் படம் துல்லியமாகத் தெரியும் டிஸ்க்) என்று ஒன்று ஆன்லைனில் விற்கிறார்கள். முழுக் கச்சேரி, ரீமாஸ்டர் செய்தது, அதாவது பழைய பதிவைத் துலக்கி எடுத்தது என்று அட்டையில் பெரிதாகப் போட்டிருக்கும். காசு கொடுத்து வாங்கிப் பார்த்துவிட்டேன். உள்ளே இருப்பது பழைய வீடியோ கேசட்டின் நகல்.

அமெரிக்கப் பாப் பாடகி மடோனாவின் முதல் கச்சேரிச் சுற்றுப்பயணம் அது. 1985 மே மாதம் டெட்ராய்ட்டின் கோபோ அரங்கில் படம்பிடித்து, நவம்பரிலேயே கேசட்டாக விட்டார்கள். இயக்கியவர் டேனியல் க்ளைன்மன். பிற்பாடு ஜேம்ஸ் பாண்ட் படங்களுக்கு டைட்டில் காட்சிகள் செய்தாரே, அவர்தான். கேசட்டும், டிவிடிக்கு முந்தைய காலத்து லேசர் டிஸ்க்கும் வந்ததோடு சரி. டிவிடியாகவோ ப்ளூரேயாகவோ முறைப்படி வெளியாகவே இல்லை.

முழுக் கச்சேரி என்பதும் புளுகு. அசல் கேசட்டே சுமார் 50 நிமிடம்தான். மேடையில் பாடிய 'பார்டர்லைன்', 'ஏஞ்சல்', 'பர்னிங் அப்' மூன்றும் அதில் கிடையாது. விற்பனைப் பக்கத்தில் மூன்றையும் பட்டியல் போட்டிருந்தார்கள். நான் வாங்கியதே 'பார்டர்லைன்' பார்க்கத்தான்!

டிஸ்கைத் திருப்பினால் அடிப்பக்கம் ஊதா நிறம். கம்பெனி அச்சடித்த டிவிடி வெள்ளியாக மின்னும். இது வீட்டில் கம்ப்யூட்டரில் எழுதிய சாதா டிவிடி. திரையின் அடியில் கேசட்டுக்கே உரிய நெளிவு ஓடிக்கொண்டே இருக்கிறது. அகலத்திரைக்காக இழுத்துவிட்டதில் எல்லோரும் குட்டையும் குண்டுமாக ஆடுகிறார்கள். கடைசியில் மடோனாவின் அப்பாவே மேடையேறி மகளை இழுத்துக்கொண்டு போவார், அருமையான இடம். அதற்குள் படம் ஒரு பக்கம், சத்தம் ஒரு பக்கம்.

திருப்பித் தருகிறேன் என்றேன். முதலில் "உங்க பிளேயர்ல கோளாறு" என்றார்கள். அப்புறம் "கலெக்டர்ஸ் எடிஷன் சார், அப்படித்தான் இருக்கும்." கடைசியாக, சீல் உடைத்தால் திரும்ப எடுக்க மாட்டார்களாம். உடைக்காமல் எப்படிப் பார்ப்பது? விற்பனைத் தளத்தில் புகார் கொடுத்ததும் பக்கத்தைத் தூக்கிவிட்டார்கள், பணம் வரவில்லை. இப்போது வேறு பெயரில், விலையையும் ஏற்றி, அதே அட்டை திரும்ப வந்திருக்கிறது. அடையாளம் எளிது: அட்டையில் இருப்பது 1987 சுற்றுப்பயணப் படம், குட்டை முடி. 1985-இல் அவருக்குக் கலைந்த நீள முடி, கழுத்து நிறைய சிலுவை.

எண்பதுகளின் மடோனா கச்சேரி டிஸ்கில்தான் வேண்டும் என்றால் 1987-இல் இத்தாலியின் டூரினில் எடுத்த 'சாவ் இத்தாலியா' இருக்கிறது. அது 1999-இல் முறையான டிவிடியாகவே வந்தது.