50 காலிபர் மசில்லோடருக்கு எந்தக் குண்டு? பல சீசன் புழங்கியதில் தெரிந்தவை

மசில்லோடர், அதாவது குழலின் வாய்வழியாக மருந்தும் குண்டும் கெட்டிக்கும் ரைஃபிளுக்குக் குண்டு வாங்கப் போகும் முன், அதன் புரி (குழலின் உட்சுவரில் திருகாகக் கடைந்த பள்ளம்) எத்தனை அங்குலத்துக்கு ஒரு சுற்று சுற்றுகிறது என்று தெரிந்திருக்க வேண்டும். அமெரிக்காவில் மான் வேட்டைக்கு மிகுதியும் புழங்கும் 50 காலிபரையே, அதாவது அரை அங்குலக் குழலையே எடுத்துக்கொள்வோம். கடை அலமாரியில் 177 கிரெயின் (சிறு எடையளவு) உருண்டைக் குண்டும், பிளாஸ்டிக் கிண்ணத்தில் வைத்த 250 கிரெயின் சபோ குண்டும், 370 கிரெயின் கூம்புக் குண்டும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். மூன்று பெட்டியிலும் 50 என்றுதான் போட்டிருக்கும், மூன்றும் குழலுக்குள் இறங்கவும் செய்யும். ஆனால் ஒரு குழல் இவற்றில் ஒன்றையோ இரண்டையோதான் ஒழுங்காகக் குறிக்கு அனுப்பும்.

தமிழ்நாட்டு லைசென்ஸ்களில் எஸ்.பி.எம்.எல். (ஒற்றைக் குழல், வாய்வழிக் கெட்டிப்பு) என்று எழுதப்படும் நாட்டுத் துப்பாக்கி பெரும்பாலும் புரியே இல்லாத வழவழப்பான குழல். கீழே வரும் அளவுகள் எதையும் அதற்கு எடுத்துக்கொள்ளக் கூடாது. இங்கே பேசுவது ஆலையில் செய்து, சோதனை முத்திரையோடு, கையேட்டோடு வரும் புரி போட்ட ரைஃபிள்களைப் பற்றி மட்டுமே.

பக்கவாட்டில் சுத்தியல் கொண்ட ஹாக்கன் வகைத் துப்பாக்கிகளில் பலவற்றுக்குப் புரி 48 அங்குலத்துக்கு ஒரு சுற்று. தாம்சன் சென்டர் 1970-இல் கொண்டுவந்த ஹாக்கனும் அப்படித்தான். உருண்டைக் குண்டுக்கென்றே கடைந்த குழல்களில் 60, 66, 70 அங்குலம் வரை மெதுவான புரி இருக்கும். மருந்துக்கு நேர் பின்னாலிருந்து பற்றவைக்கும் இன்லைன் துப்பாக்கிகளில் வழக்கமாக 28 அங்குலம். கையேடு தொலைந்திருந்தால் வீட்டிலேயே அளந்துவிடலாம். துப்பாக்கி காலி என்று உறுதி செய்தபின், கைப்பிடி தானாகச் சுழலும் துடைப்புக் கோலில் இறுக்கமாகத் துணி சுற்றி அடிவரை இறக்குங்கள். கோலின் மேற்பக்கம் வாய் விளிம்பை ஒட்டி ஒரு கோடு. அதிலிருந்து சரியாக 12 அங்குலம் வெளியே இழுத்துப் பாருங்கள். மேலே இருந்த கோடு கால் சுற்று திரும்பியிருந்தால் புரி 48. அரைச் சுற்றுக்குச் சற்றுக் குறைவாக வந்தால் 28.

மெதுவான புரிக்கு உருண்டை, வேகமான புரிக்கு நீளக் குண்டு என்பதுதான் அடிப்படைக் கணக்கு. குண்டு நீள நீள, அது தலைகுப்புறப் புரளாமல் பறக்க அதிகச் சுழற்சி வேண்டும். 66 அங்குலப் புரியில் நீளமான சபோ குண்டு குறிப்பலகையில் பக்கவாட்டாகப் பட்டுச் சாவித்துளை மாதிரி ஓட்டை போடும். 28 அங்குலப் புரியில் துணி சுற்றிய உருண்டையைக் கனத்த மருந்தில் சுட்டால், துணி புரியைப் பிடித்துத் திரும்புவதற்குள் குண்டு வழுக்கிக்கொண்டு போய்விடும். 48 என்பது இரண்டுக்கும் நடுவே செய்துகொண்ட சமரசம். உருண்டையும் போகும், குட்டையான கூம்பும் போகும், இரண்டிலும் தலைசிறந்ததாக இருக்காது.

உருண்டைக் குண்டும் துணியும்

நீண்ட நாள் புழக்கத்தில் அதிகம் கற்றுக்கொடுப்பது இதுதான். குழலின் அளவு 0.500 அங்குலம். குண்டு 0.490, துணியின் கனம் 0.015. இரு பக்கத் துணியையும் சேர்த்தால் 0.520. கூடுதலாக உள்ள 0.020 அங்குலம் புரிப் பள்ளங்களுக்குள் அமுங்கி உட்கார வேண்டும், அந்த இறுக்கமே குண்டைச் சுழற்றுகிறது. குட்டைக் கோலால் ஒரு தட்டு தட்டி வாய்க்குள் நுழைத்தபின், நீளக் கோலில் சீரான அழுத்தத்தில் இறங்கினால் பொருத்தம் சரி. விரல் அழுத்தத்திலேயே சறுக்கிப் போனால் துணி மெல்லியது. சுத்தியல் இல்லாமல் இறங்காவிட்டால் துணியை மெல்லியதாக மாற்றுங்கள், 0.495 குண்டுக்கு 0.010 துணி பல குழல்களில் பொருந்தும்.

துணி நூறு சதவீதம் பருத்தியாக இருக்க வேண்டும். பாலியஸ்டர் கலந்திருந்தால் உருகிக் குழலில் ஒட்டும். தலையணை உறைக்கு நெய்யும் டிக்கிங் துணி நன்றாகத் தாங்குகிறது. வாங்கியதும் துவைத்துக் கஞ்சியைப் போக்கிவிட வேண்டும். பூச்சுக்குத் தேன்மெழுகும் ஆட்டுக்கொழுப்பும் அல்லது ஆலிவ் எண்ணெயும் கலந்தது போதும். மோட்டார் ஆயில் மாதிரி பெட்ரோலிய எண்ணெய் கரிமருந்துப் புகையோடு சேர்ந்து தார் போலக் கெட்டியாகிவிடும்.

சுட்டபின் துணி சில மீட்டர் தள்ளி விழுந்து கிடக்கும். சுடுதளத்தில் எல்லாரும் துப்பாக்கியைக் கீழே வைத்தபின் போய்ப் பொறுக்கி வந்து பாருங்கள். நடுவில் குண்டு உட்கார்ந்த இடம் வட்டமாகக் கறுத்து, ஓரம் மட்டும் பிசிறியிருந்தால் எல்லாம் சரி. நடுவே கருகி ஓட்டை விழுந்திருந்தால் துணி மெல்லியது, பூச்சு போதவில்லை, அல்லது மருந்து கூடிவிட்டது. குண்டின் விளிம்பைச் சுற்றி வரிசையாகக் கீறல்கள் இருந்தால் புரியின் மேடுகளோ குழல் வாயோ இன்னும் கூராக இருக்கிறது. புதுக் குழல்களில் இது சகஜம். குறிப்பலகையைப் பார்ப்பதைவிட இந்தத் துணியைப் பார்ப்பது சீக்கிரம் பலன் தரும் என்பது எங்கள் கருத்து.

ஈயம் மென்மையாக இருக்க வேண்டும். பிரினெல் என்ற கடின அளவுகோலில் சுத்த ஈயம் சுமார் 5. டயர் எடைக்கட்டி ஈயம் ஆன்டிமனி கலந்தது, இரண்டு மடங்குக்கு மேல் கடினம். நகத்தால் கீறினால் சுத்த ஈயத்தில் கோடு விழும். உருண்டைக்குக் கொஞ்சம் கடின ஈயத்தைத் துணி சமாளித்துவிடும், கூம்புக் குண்டுக்கு ஆகாது.

கூம்புக் குண்டு

இதற்குத் துணி கிடையாது. ஈயமே புரியில் பதிய வேண்டும், அதனால்தான் மென்மை கட்டாயம். பிரெஞ்சுக்காரர் மினியே 1849-இல் வடிவமைத்த குண்டுக்கு அடியில் குழி. வெடிப்பின் அழுத்தத்தில் அதன் பாவாடை விரிந்து புரியைப் பிடிக்கும். மருந்தைக் கூட்டினால் அந்தப் பாவாடை கிழிந்து கோணலாகிக் குறி தப்பும். அமெரிக்க உள்நாட்டுப் போரில் 58 காலிபர் ஸ்ப்ரிங்ஃபீல்டு 1861-க்கு 60 கிரெயின் மருந்துதான் போட்டார்கள்.

கூம்பில் ஒரு பெரிய ஆபத்து உண்டு. இறுக்கிப் பிடிக்கத் துணி இல்லாததால், துப்பாக்கியை வாய் கீழாகத் தோளில் மாட்டி நடக்கும்போது குண்டு மருந்தை விட்டு நகர்ந்துவிடலாம். மருந்துக்கும் குண்டுக்கும் நடுவே இடைவெளி விழுந்த நிலையில் சுட்டால், நகர்ந்து நின்ற குண்டு குழலை அடைத்த தடையாகிவிடும். குழல் அந்த இடத்தில் வீங்கும் அல்லது வெடிக்கும். கூம்போடு காட்டில் நடப்பவர்கள் மணிக்கொரு முறையாவது கெட்டிக்கோலை இறக்கிப் பார்க்க வேண்டும்.

அதற்குக் கோலில் இரண்டு கோடுகள் இருக்க வேண்டும். குழல் காலியாக இருக்கும்போது வாய் விளிம்பில் ஒன்று, உங்கள் வழக்கமான மருந்தும் குண்டும் அடிவரை இறங்கியபின் ஒன்று. கெட்டித்தபின் இரண்டாவது கோடு வெளியே நீட்டிக்கொண்டிருந்தால் குண்டு முழுசாக இறங்கவில்லை, இல்லாவிட்டால் உள்ளே ஏற்கெனவே ஒரு கெட்டிப்பு இருக்கிறது. கோடு குழலுக்குள் மறைந்துவிட்டால் மருந்து குறைவு அல்லது போடவே இல்லை. ஒரு பேனாக் கோடு இத்தனையையும் சொல்லிவிடும். மாற்றுக் குண்டுக்கு மாற்றுக் கோடு. மரக்கோலைக் குழல் வாய்க்கு மேலே ஒரு சாண் அளவில் பிடித்துச் சிறுகச் சிறுக இறக்குங்கள். உச்சியைப் பிடித்து அழுத்தினால் முறிந்து உள்ளங்கையில் ஏறும்.

சபோ

50 குழலுக்குள் 0.451 அல்லது 0.429 அங்குலக் குண்டை ஒரு பிளாஸ்டிக் கிண்ணத்தில் வைத்து இறக்குவதுதான் சபோ. 1985-இல் டோனி நைட்டின் எம்.கே-85 வந்தபின் இன்லைன் பரவியது, அதோடு இதுவும் பரவியது. 28 அங்குலப் புரியில் 250 கிரெயின் குண்டோடு நம்பகமாக அடிக்கிறது. அழுத்திச் செய்த மருந்து வில்லை மூன்று போட்டு 150 கிரெயின் என்று பெட்டிகள் பெருமையடித்தாலும், பெரும்பாலான குழல்கள் 90-க்கும் 110-க்கும் நடுவேதான் குழு (குறிப்பலகையில் விழும் ஓட்டைகளின் கூட்டம்) இறுக்கமாகத் தருகின்றன. அதற்கு மேல் தோள்தான் வலிக்கும். குழல் சூடாக இருக்கும்போது சபோ இளகிப் பிடி தளரும், ஆகவே சுடுதளத்தில் ஒவ்வொரு தடவையும் குழல் ஆறக் காத்திருங்கள். கடுங்குளிரில் அதே பிளாஸ்டிக் விறைத்துக்கொண்டு இறங்க மறுக்கும்.

மருந்தில் ஒரு விதிக்கு விலக்கே கிடையாது: கரிமருந்தோ, அதற்கென்று செய்த மாற்று மருந்தோ மட்டும். இன்றைய தோட்டாக்களில் உள்ள புகையில்லா மருந்து, அதற்கென்றே கட்டாத குழலில் ஒரு தடவையிலேயே கையையும் கண்ணையும் பறித்துவிடும். அளப்பது கன அளவில், எடையில் அல்ல. மாற்று மருந்துகளில் பைரோடெக்ஸைக் கரிமருந்தின் கன அளவுக்கே போடலாம். டிரிபிள் செவன் வேகம் கூடியது, 15 சதவீதம் குறைக்கச் சொல்கிறது அதன் தயாரிப்பாளர் குறிப்பு. சக்கிமுக்கிக் கல் துப்பாக்கியில் மாற்று மருந்துகள் சரியாகப் பற்றுவதில்லை, அங்கே அசல் கரிமருந்துதான்.

50 காலிபர் உருண்டைக்கு 50 கிரெயினில் தொடங்கி, ஐந்தைந்தாகக் கூட்டி, ஒவ்வோர் அளவிலும் ஐந்து குண்டு சுட்டுப் பாருங்கள். குழு இறுகி வந்து மறுபடி விரியத் தொடங்கும் இடத்துக்கு முந்தைய அளவே உங்கள் அளவு. கையேட்டின் உச்ச அளவைத் தாண்டக் கூடாது. குண்டின் எடை கூடினால் அந்த உச்சமும் குறையும். ஒவ்வொரு சுடுதலுக்குப் பிறகும் லேசாக ஈரப்படுத்திய துணி ஒன்று, உலர்ந்த துணி ஒன்று. உள்ளே கனன்றுகொண்டிருக்கும் பொறியும் அணையும், கசடும் போகும். மருந்துக் குப்பியிலிருந்து நேராகக் குழலில் கொட்டாமல் அளவுக்குவளை வழியாகவே ஊற்றச் சொல்வதும் அந்தப் பொறிக்குப் பயந்துதான்.

வாங்கும் முன் அமெரிக்காவில் அந்தந்த மாநில விதியையும் பார்த்துவிடுங்கள். கொலராடோவின் மசில்லோடர் சீசனில் சபோவும் வில்லை மருந்தும் கூடாது. பென்சில்வேனியாவில் கிறிஸ்துமஸுக்குப் பிந்தைய மான் சீசன் சக்கிமுக்கிக் கல் துப்பாக்கிக்கு மட்டும். கலிபோர்னியாவில் 2019 ஜூலை 1 முதல் எந்த வேட்டைக்கும் ஈயம் தடை. அங்கே இன்லைன்காரர்கள் சபோவில் செம்புக் குண்டுக்கு மாறிவிட்டார்கள், ஹாக்கன்காரர்கள் பிஸ்மத் உருண்டையைத் தேடுகிறார்கள். பிஸ்மத் கடினமும் நொறுங்கும் குணமும் கொண்டது. குட்டைக் கோலில் ஓங்கித் தட்டினால் விரிசல் விடும். துணியின் கனத்தை ஒரு படி குறைத்தால் தட்டாமலே இறங்குகிறது.

கடைசியாகச் சேமிப்பு. பூச்சிட்ட துணிகளை டப்பாவில் போட்டு அடுத்த சீசன் வரை வைத்தால் நூல் இற்றுப்போய், சுடும்போது கந்தலாக வெளியே வரும். துணியைக் காய்ந்தபடியே வைத்திருந்து, போகிற அன்று காலையில் பூசுங்கள். ஈயக் குண்டில் வெள்ளைப் பொடி படர்ந்திருந்தால் அது நச்சு. ஊதாமல், தேய்க்காமல், வார்ப்புக்குத் திருப்பிக் கொடுத்துவிட்டுக் கையை சோப்புப் போட்டுக் கழுவுங்கள்.