மென்ஸெலின் நான்கு படங்கள், எங்கள் வீட்டு டிவியில்

நான்கு டிவிடி, தபால் செலவோடு 140 மலேசிய வெள்ளி. செக் இயக்குநர் யீரி மென்ஸெலின் படங்கள். பணம் கட்டும்போது கை கொஞ்சம் தயங்கியது உண்மை, பார்த்து முடித்த பிறகு தங்கைக்கும் ஒரு செட் வாங்கி அனுப்பலாமா என்று யோசித்துக்கொண்டிருக்கிறேன்.

வாங்குகிறவர்களுக்கு ஒன்று சொல்கிறேன், ஆஸ்கார் வாங்கிய 'கூர்ந்து கவனிக்கப்படும் ரயில்கள்' படத்தை அப்புறம் பாருங்கள். முதலில் 1985இல் வந்த 'என் இனிய சின்ன கிராமம்' படத்தைப் போடுங்கள். கூட்டுப் பண்ணையில் லோரி ஓட்டும் பாவெக், அவருடைய கெலிண்டான், அதாவது லோரி உதவியாள், ஓட்டிக். டிரைவர் தொந்தியோடு குட்டை, ஓட்டிக் ஒல்லியாக நெட்டை, புத்தி கொஞ்சம் மந்தம். காலையில் இரண்டு பேரும் வேலைக்கு நடக்கும்போது டிரைவரின் காலடியோடு தன் காலடியும் சேர வேண்டும் என்று ஓட்டிக் எட்டை மாற்றி மாற்றிப் போடுவான், அவ்வளவுதான் காட்சி, ஆனால் அதிலேயே இரண்டு பேரையும் நமக்குத் தெரிந்துவிடும்.

அப்பா இங்கே மலேசியாவில் சுங்கை சிப்புட் பக்கம் எஸ்டேட்டில் செம்பனைக் குலை ஏற்றும் லோரி ஓட்டியவர். அந்த இடத்தில் நிறுத்தச் சொன்னார். "எனக்கும் இப்படி ஒருத்தன் இருந்தான்பா. ரிவர்ஸ் எடுக்கையில 'வா வா'ன்னு சொல்லிட்டு எங்கயோ பராக்குப் பார்ப்பான், வண்டி கால்வாயில எறங்கிடும்." அந்த ஆளை வேறு லோரிக்கு மாற்றச் சொல்லி மேனேஜரிடம் போனாராம், பிறகு தானே போய்த் திருப்பிக் கேட்டு வாங்கிக்கொண்டாராம். பாவெக் செய்வதும் கிட்டத்தட்ட அதுதான். எனக்கு இது இத்தனை வருஷம் தெரியாது.

சப்டைட்டில் ஆங்கிலம் மட்டும். பக்கத்தில் உட்கார்ந்து தமிழில் சொல்லிக்கொண்டே வந்தேன், பாதியில் அப்பா "சரி விடு, புரியுது" என்றுவிட்டார்.

'கூர்ந்து கவனிக்கப்படும் ரயில்கள்' 1966இல் வந்தது, அப்போது மென்ஸெலுக்கு 28 வயது. செக் எழுத்தாளர் போஹுமில் ஹ்ரபாலின் குறுநாவல், திரைக்கதையும் இரண்டு பேரும் சேர்ந்து எழுதியது, 1968இல் சிறந்த வெளிநாட்டுப் படத்துக்கான ஆஸ்கார். ஜெர்மானியர் பிடியில் இருக்கும் ஒரு சின்ன ஸ்டேஷன். வேலைக்குச் சேரும் பையனுக்கு அம்மா ரயில்வே தொப்பியை மகுடம் சூட்டுவதுபோல் வைத்துவிடுகிறாள். கடைசியில் அந்தத் தொப்பிக்கு என்ன ஆகிறது என்று சொல்ல மாட்டேன். இதில் டாக்டராக நடித்தவர் மென்ஸெலேதான். சின்னப் பிள்ளைகளோடு பார்க்க முடியாது, அதையும் சொல்லிவிடுகிறேன்.

ஆஸ்கார் வாங்கிய அதே வருஷம் ஆகஸ்டில் சோவியத் டாங்கிகள் தலைநகர் பிராக்குக்குள் வந்துவிட்டன. 1969இல் எடுத்த 'கயிற்றில் வானம்பாடிகள்' தடை விழுந்து பெட்டியிலேயே முடங்கியது. பழைய இரும்புக் கிடங்கில் வேலை செய்து 'திருந்துவதற்காக' அனுப்பப்பட்ட பேராசிரியர், சாக்ஸபோன்காரர், சமையல்காரர், பக்கத்திலேயே பெண் கைதிகள், ஒரு பார்வைக்கும் ஒரு கை படுவதற்கும் இரண்டு பக்கமும் வழி தேடுகிறார்கள். 1990இல் வெளியே வந்து பெர்லின் திரைப்பட விழாவின் முதல் பரிசான தங்கக் கரடி வாங்கியது. 21 வருஷம்! மனுஷன் நாட்டை விட்டுப் போகவில்லை, அங்கேயே இருந்து மறுபடி படம் எடுத்தார், கிராமப் படம் அப்படி வந்ததுதான். 2020இல் காலமானார்.

நான்காவது, 2006இல் வந்த 'இங்கிலாந்து மன்னருக்குப் பரிமாறினேன்'. பார்க்க அழகு, எனக்கு அவ்வளவாக ஒட்டவில்லை.

பெட்டி விரிசலோடு வந்தது, விற்றவருக்கு இரண்டு முறை எழுதியும் பதில் இல்லை. வட்டுகளில் கீறல் இல்லாததால் விட்டுவிட்டேன். கிராமப் படத்தை அப்பா மூன்றாவது முறை கேட்டிருக்கிறார், சனிக்கிழமை அவருடைய பழைய லோரிக் கூட்டாளிகள் இரண்டு பேர் பார்க்க வருகிறார்கள்.