3,499 ரூபாய்க்கு வந்த ‘ஒரிஜினல்’ சென்ட்

வீடு தண்டையார்பேட்டை. வேலை பாரிமுனையில், செகண்ட் லைன் பீச் பக்கம் ஒரு கிளியரிங் ஏஜென்ட் ஆபீஸில். துறைமுகத்தில் இறங்கும் சரக்குக்கு பேப்பர் போட்டு, கஸ்டம்ஸில் நின்று வெளியே எடுத்துக் கொடுப்பதுதான் இருபது வருஷமாக என் பிழைப்பு. லேபிளில் ஒரு வரி விட்டுப்போனால் கண்டெய்னரே நின்றுவிடும் என்று புதுப் பையன்களுக்கு வகுப்பெடுக்கிறவன் நான். அப்படிப்பட்டவன் போலி சென்ட் வாங்கி ஏமாந்த கதை இது. வெட்கமாகத்தான் இருக்கிறது. ஆனால் போன மாதம் ஆபீஸில் இன்னொருவரும் அதே வலையில் விழுந்துவிட்டு வந்து நின்றார். அதனால் எழுதுகிறேன்.

என் மனைவியின் தம்பி கப்பலில் இன்ஜினியர். தை மாதம் அவனுக்கு நிச்சயதார்த்தம், ராயபுரத்தில் மண்டபம். லீவில் வரும்போதெல்லாம் எங்கள் பிள்ளைகளுக்கு ஏதாவது வாங்கி வருகிறவன். இந்தத் தடவை நாம் கொஞ்சம் நல்லதாகச் செய்வோம் என்று வீட்டில் பேச்சு வந்தது. அவனுக்குப் பிடித்த சென்ட் டியோர் கம்பெனியின் சவாஜ். கடைக்காரர்கள் ‘சாவேஜ்’ என்பார்கள், அவன் ‘சொவாஜ்’ என்று திருத்துவான். 2015-இல் வந்தது. இன்றைக்கு உலகத்தில் அதிகம் விற்கும் ஆண்கள் சென்ட்டுகளில் ஒன்று, அதனாலேயே அதற்குப் போலியும் அதிகம். 100 மில்லி பாட்டில் மால் கடையில் பத்தாயிரத்துக்கு முன்னேபின்னே சொன்னார்கள். அன்று இரவு போனைத் திறந்தால், நாம் எல்லோரும் அரிசி பருப்பு முதல் வாங்கும் ஒரு பெரிய ஆன்லைன் கடையில் அதே பாட்டில் 3,499. பழைய விலை மேலே அடிக்கப்பட்டிருந்தது. நாலரை நட்சத்திரம். ஆயிரக்கணக்கில் ரிவ்யூ. “ஏன் இவ்வளவு கம்மி?” என்று மனைவி கேட்டாள். “பொங்கல் ஆஃபர்” என்றேன். அவளுக்குப் பதில் சொன்ன வேகத்தில் எனக்கும் அதையே சொல்லிக்கொண்டேன் போலிருக்கிறது.

பெட்டி மூன்றாம் நாள் வந்தது. பார்க்க அருமையாக இருந்தது. அதைப் பிரிக்காமலேயே தட்டில் வைத்துக் கொடுத்தோம்.

நிச்சயம் முடிந்து ஒரு வாரம் கழித்து மச்சான் வீட்டுக்கு வந்தான். கையில் ஒரு துணிப்பை. காபி குடித்து முடிக்கும்வரை வேறு ஏதேதோ பேசினான். அப்புறம் மெதுவாக, “மாமா, தப்பா எடுத்துக்காதீங்க. இதை எங்க வாங்கினீங்க?” என்றான். பையிலிருந்து இரண்டு பாட்டில் எடுத்தான். ஒன்று நான் கொடுத்தது. இன்னொன்று சிங்கப்பூர் ஏர்போர்ட்டில் அவனே வாங்கியது, பாதி காலி.

சாப்பாட்டு மேஜையில் இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்தோம். தனியாகப் பார்த்தபோது தெரியாதது அப்போது பளிச்சென்று தெரிந்தது. அவனுடைய பாட்டிலில் கருநீலம் புகை மாதிரி சீராகக் கரைந்து வெளிறுகிறது. என்னுடையதில் ஓரிடத்தில் கோடு போட்ட மாதிரி நிறம் மாறுகிறது. அவனுடைய மூடியைக் கிட்டே கொண்டுபோனாலே காந்தம் இழுத்து ‘டிக்’ என்று உட்காருகிறது. என்னுடையதிலும் காந்தம் இருந்தது, ஆனால் மூடி கொஞ்சம் கோணலாக உட்கார்ந்து, விரலால் தட்டினால் ஆடியது. உள்ளே இருக்கும் குழாயைப் பாருங்கள் என்றான். ஒரிஜினலில் குழாய் சென்ட்டுக்குள் கிட்டத்தட்ட மறைந்துபோகிறது. எனக்கு வந்ததில் வெள்ளையாக, தேவைக்கு மேல் நீளமாக, அடியில் வளைந்து கிடந்தது. சலைன் பாட்டில் ட்யூப் மாதிரி.

அப்புறம் அடித்துப் பார்த்தோம். அவனுடையது பனி மாதிரி விரிந்து விழுந்தது. என்னுடையது பீய்ச்சியது, கையில் சொட்டாக நின்றது. முதல் இரண்டு நிமிஷம் வாசனை ஏறக்குறைய ஒன்றுதான், இதை ஒத்துக்கொள்ள வேண்டும். போலி போடுகிறவன் அந்த முதல் இரண்டு நிமிஷத்துக்குத்தான் செலவு செய்கிறான், பெட்டியைத் திறந்ததும் நாம் முகர்வது அதைத்தானே. எலுமிச்சை மாதிரி மேலெழும்பும் வாசனை எந்த சென்ட்டிலும் சீக்கிரம் போய்விடும். அது போன பிறகு அடியில் என்ன நிற்கிறது என்பதில்தான் சங்கதி. இரண்டு கைக்குட்டையில் தனித்தனியாக அடித்து, பேனாவால் குறி போட்டு, ஜன்னலோரம் வைத்தோம். மறுநாள் காலை அவனுடைய கைக்குட்டை இன்னும் மணந்தது. என்னுடையதை முகர்ந்த அம்மா, “இன்னாடா இது, பினாயிலா?” என்று கேட்டார்.

இங்கே ஒரு விஷயம் சொல்லிவிடுகிறேன். வாசனை சீக்கிரம் போகிறது என்பதை மட்டும் வைத்துப் போலி என்று முடிவு கட்டாதீர்கள். தினமும் அடிக்கும் சென்ட்டுக்கு நம் மூக்கு பழகிவிடும், நமக்குத் தெரியாது, பக்கத்தில் இருப்பவருக்குத் தெரியும். பெட்டியில் சென்ட்டின் அடர்த்தியைக் குறிக்கும் எழுத்துகள் இருக்கும்: இ.டி.டி. என்று போட்டதைவிட இ.டி.பி. என்று போட்டதில் சென்ட் எண்ணெய் பொதுவாக அதிகம், அதனால் அது பெரும்பாலும் கூடுதல் நேரம் நிற்கும். இதைத் தெரியாமல் நல்ல பாட்டிலைத் திருப்பி அனுப்பியவர்களும் உண்டு.

எல்லோரும் சொல்லும் அடுத்த சோதனை பேட்ச் கோடு, அதாவது ஒரே தடவையில் தயாரான சரக்குக்குக் கம்பெனி போடும் அடையாள எண். பாட்டிலின் அடியில் ஒன்று, பெட்டியின் அடியில் ஒன்று இருக்கும், இரண்டும் ஒன்றாக இருக்க வேண்டும். அதைப் போட்டால் எந்த மாதம் தயாரானது என்று காட்டும் இணையதளங்கள் இருக்கின்றன. என்னுடைய கோடைப் போட்டேன். பாஸ்! தயாரித்த தேதியே வந்தது. அரை நிமிஷம் எனக்கு நெஞ்சு நிமிர்ந்தது. மச்சான் சிரித்தான். “மாமா, ஒரிஜினல் ஒண்ணை வாங்கி அதுல இருக்கிற நம்பரை அப்படியே அடிச்சா யாரு தடுப்பா?” என்றான். சரிதான். கோடு பொருந்தாவிட்டால் சந்தேகப்படலாம். பொருந்தினால் ஒன்றுமே நிரூபணம் ஆகாது. கண்ணாடித்தாள் மடிப்பு, பெட்டியின் கனம் எல்லாமும் இதே கதைதான். அச்சு மெஷின் இருந்தால் யாரும் செய்துவிடலாம்.

என் மானம் போனது அதற்கப்புறம் தான். பெட்டியின் பின்னால் வெள்ளை ஸ்டிக்கர் ஒன்று ஒட்டியிருந்தது. இறக்குமதி ஸ்டிக்கர். தினமும் நான் பார்க்கிற ஜாதி. வெளிநாட்டிலிருந்து வந்து இங்கே கடையில் விற்கும் பொட்டலத்தில் இறக்குமதி செய்தவரின் பெயர், முழு முகவரி, எந்த நாட்டில் தயாரானது, எந்த மாதம், எவ்வளவு மில்லி, வரி உட்பட எம்.ஆர்.பி., புகார் சொல்ல போன் நம்பர் எல்லாம் இருக்க வேண்டும். எடையளவுச் சட்டத்தின் 2011 விதிகள் அவை. சென்ட் அழகுசாதனப் பட்டியலில் வருவதால் 2020 விதிகளின்படி மத்திய மருந்துத் தரக் கட்டுப்பாட்டு அமைப்பு கொடுத்த இறக்குமதிப் பதிவு எண்ணும் வேண்டும். என் பெட்டியில் கம்பெனி பெயர் இருந்தது, கதவு எண் இல்லை. பதிவு எண் இல்லை. பின்கோடைப் பார்த்தேன். ஐந்து எண்தான். எண்ணிப் பார்த்தேன், மறுபடி எண்ணினேன். ஐந்துதான்.

ஆபீஸில் ஒரு பையன் இப்படி ஒரு லேபிளைக் கொண்டுவந்தால் அன்றைக்கு அவனைத் திட்டித் தீர்த்திருப்பேன்.

நான் சொல்ல வந்தது இதுதான்: பாட்டிலைப் பார்ப்பதற்கு முன்னால் விற்கிறவனைப் பாருங்கள். பெரிய கடையின் பெயரைப் பார்த்து நான் வாங்கினேன், ஆனால் விற்றது அந்தக் கடை இல்லை. விலைக்குக் கீழே பொடி எழுத்தில் ‘விற்பவர்’ என்று ஒரு வரி இருக்கும். அதைத் தொட்டுப் பார்த்தால் அந்த ஆள் யார், எப்போதிலிருந்து விற்கிறான், வேறு என்ன விற்கிறான் என்று தெரியும். எனக்கு விற்றவன் போன் கவர், சப்பாத்திக் கட்டை, அதோடு டியோரும் விற்றான். அந்த ஆயிரக்கணக்கான ரிவ்யூவும் அவனுக்கு வந்தவை இல்லை. ஒரே பொருளுக்கு ஒரே பக்கம், அதில் பல பேர் விற்கலாம். நல்ல வியாபாரி சம்பாதித்த நட்சத்திரத்தின் கீழே இவன் வந்து கூடாரம் போட்டுக்கொள்கிறான். விலை குறைவாக வைத்தால் ‘வாங்கு’ பட்டன் இவன் பக்கம் திரும்பிவிடும். ரிவ்யூவைப் புதியது முதலில் என்று மாற்றிப் போட்டுப் படித்திருந்தால் தப்பித்திருப்பேன். கடைசி இரண்டு மாதத்தில் வந்த ஒரு நட்சத்திரங்கள் வரிசையாக அங்கேதான் இருந்தன.

‘டெஸ்டர்’ என்று போட்டு வருவதையும் நம்பாதீர்கள். கடையில் வாடிக்கையாளர் முகர்ந்து பார்க்கக் கம்பெனி கொடுக்கும் பாட்டில் அது, வெள்ளைப் பெட்டியில், சிலதுக்கு மூடிகூட இருக்காது. உண்மையான டெஸ்டர் உண்டுதான், ஆனால் பெட்டி சுமாராக இருப்பதற்கு அதைவிட நல்ல சாக்கு போலி போடுகிறவனுக்குக் கிடைக்காது. ‘பர்ஸ்ட் காப்பி’ என்று சொல்லி விற்கிறவனாவது ஒரு விதத்தில் நேர்மையானவன். பர்மாவிலிருந்து திரும்பி வந்தவர்களுக்காக உருவான பர்மா பஜாரில் எனக்குப் பழக்கமான ஒருவர் இருக்கிறார். ஒரிஜினலா, காப்பியா என்று கேட்டால் முகத்துக்கு நேராகச் சொல்லிவிடுவார். விலையும் அதற்குத் தகுந்த மாதிரிதான். அதற்காக அந்தக் காப்பியை வாங்கச் சொல்லவில்லை, அதில் என்ன ஊற்றியிருக்கிறான் என்று அவருக்கே தெரியாது. என் மகன் மச்சானுக்குத் தெரியாமல் நான் வாங்கிய போலியை முழங்கையில் அடித்துக்கொண்டு இரண்டு நாள் சொறிந்துகொண்டிருந்தான்.

இன்னொன்று. எங்கள் தெருமுனைக் காயலாங்கடைக்காரரிடம் இதைப் பேசிக்கொண்டிருந்தபோது, நல்ல சென்ட்டின் காலிப் பாட்டில், மூடியோடும் பெட்டியோடும் இருந்தால், தனியாக விலை கேட்டு வருகிறவர்கள் இருக்கிறார்கள் என்றார். அந்த மாதிரிப் பாட்டிலில் ஊற்றி வந்தால் காந்தமும் பொருந்தும், கோடும் பொருந்தும், கண்ணாடியும் ஒரிஜினல். மச்சான் இப்போது காலிப் பாட்டிலின் லேபிளை ஆணியால் கீறிவிட்டுத்தான் போடுகிறான்.

புகார் விஷயம். ஆப்பில் சாட் செய்தேன். “சீல் பிரித்த அழகுசாதனப் பொருளைத் திரும்பப் பெற இயலாது” என்று ஒரே பதில் நாலு தடவை வந்தது. திறக்கும்போது வீடியோ எடுக்கவில்லை, எங்கள் தப்பு. பிரிக்காமல் பரிசாகக் கொடுத்தது அதைவிடப் பெரிய தப்பு, ஏழு நாள் கெடு அதிலேயே ஓடிவிட்டது. பிறகு தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-இல் கூப்பிட்டேன். தமிழிலேயே பேசினார்கள். பில், விற்பவர் பெயர், இரண்டு பாட்டிலையும் பக்கத்தில் வைத்து எடுத்த படம், அந்த ஐந்து எண் பின்கோடு ஸ்டிக்கரின் படம் எல்லாம் ஏற்றினேன். அந்த ஸ்டிக்கர் படம்தான் வேலை செய்தது என்று நினைக்கிறேன். வாசனை சரியில்லை என்றால் அது உங்கள் அபிப்பிராயம் என்பார்கள். சட்டப்படி இருக்க வேண்டிய எண் இல்லை என்றால் வாயடைத்துப் போகிறார்கள். மூன்று வாரத்தில் பணம் வந்தது, ஆனால் அவர்களுடைய வாலெட்டில். நான் கார்டில்தானே கட்டினேன், பேங்க்குக்கே வேண்டும் என்று இன்னொரு வாரம் இழுத்து வாங்கினேன். அங்கேயும் நடக்கவில்லையென்றால் சென்னை வடக்கு நுகர்வோர் ஆணையத்துக்குப் போவதாக இருந்தேன். ஐந்து லட்சம் வரை கொடுத்து வாங்கிய பொருளுக்கு அங்கே கட்டணம் இல்லை, பிரச்சினை எழுந்த நாளிலிருந்து இரண்டு வருஷம் அவகாசம் உண்டு.

மச்சானுக்கு மறுபடி வாங்கிக் கொடுத்தோம். மாலில், கம்பெனியின் கவுண்டரில், முழு விலைக்கு. பில்லையும் பெட்டிக்குள் வைத்துக் கொடுத்தேன். அவன் அதைப் பார்த்துச் சிரித்தான், ஆனால் திருப்பிப் போட்டு ஸ்டிக்கரைப் படிக்காமல் விடவில்லை.

எனக்கு விற்றவனின் பெயர் ஆப்பில் இப்போது இல்லை. போன ஞாயிற்றுக்கிழமை சும்மா தேடிப் பார்த்தேன். வேறொரு பெயரில் ஒருவன் 3,299-க்குப் போட்டிருக்கிறான். படத்தில் பாட்டில் வைத்திருக்கும் கருங்கல் மேடையும், மூலையில் பாதி தெரியும் பச்சைப் பிளாஸ்டிக் நாற்காலியும் எனக்கு நன்றாக ஞாபகம் இருக்கிறது. புகார் பட்டனை அழுத்தினேன். இதை எழுதும்போதும் அது அங்கேதான் இருக்கிறது, ‘2 மட்டுமே மீதம்’ என்று போட்டு.