மை நேம் இஸ் சால்ட்: உப்பு விளைவதை இவ்வளவு நெருக்கமாகப் பார்த்ததில்லை

உழைக்கும் மக்களைப் பற்றிய ஆவணப்படம் என்றாலே கணீரென்ற குரலில் ஒருவர் பாடம் நடத்துவார், நடுநடுவே யாராவது கேமராவைப் பார்த்துத் தன் கஷ்டத்தைச் சொல்வார். ஃபரிதா பாச்சா இயக்கி 2013இல் வந்த இந்தப் படத்தில் இரண்டுமே கிடையாது. ஒரு குடும்பம் உப்பு விளைவிக்கிறது, நாம் ஒன்றரை மணி நேரம் பக்கத்தில் இருந்து பார்க்கிறோம், அவ்வளவுதான். எனக்கு ஒரு நிமிஷம்கூட அலுக்கவில்லை.

இடம் குஜராத்தின் சின்ன ரண். மழைக்காலத்தில் தண்ணீர் ஏறி நின்று கடல் மாதிரி ஆகிவிடும், வடிந்ததும் கண்ணுக்கு எட்டியவரை வெடித்த மண். அப்போது ஆயிரக்கணக்கான குடும்பங்கள் குழந்தைகளோடும் பாத்திரம் பண்டங்களோடும் அங்கே போய் எட்டு மாதம் தங்கி உப்பு எடுக்கின்றன. போனதும் முதல் வேலை, முந்தைய பருவத்தில் சேற்றுக்குள் புதைத்துவைத்த பம்பைத் தோண்டி எடுப்பது. அதைக் கழுவித் துடைத்துப் பூட்டி, பூமிக்கு அடியிலிருந்து உவர்நீர் மேலே வருகிறவரை படம் பொறுமையாகக் காத்திருக்கிறது, நாமும் சேர்ந்து காத்திருக்கிறோம்.

அப்புறம் பாத்தி கட்டுவது. குடும்பமே வரிசையாக நின்று காலால் மிதித்து மிதித்துச் சேற்றை இறுக்குகிறது. நீர் சுண்டி உப்பு படியத் தொடங்கிய பிறகும் மரப் பலகையால் கிளறிக்கொண்டே இருக்க வேண்டும், விட்டால் பாறையாகக் கட்டிவிடும். இதில் எவ்வளவு கணக்கும் கைப்பழக்கமும் இருக்கிறது என்று யாரும் வாயால் சொல்வதில்லை, லுட்ஸ் கோனர்மனின் கேமரா கைகளையும் கால்களையும் விட்டு நகராததால் நமக்கே புரிகிறது. தூரத்தில் இருக்கும் குடும்பத்துக்குக் கண்ணாடியில் வெயிலைப் பிடித்துச் சைகை காட்டும் காட்சி இருக்கிறதே, அதற்காகவே இன்னொரு தடவை பார்க்கலாம். இவர்களைப் பார்த்துப் பரிதாபப்படத் தோன்றவில்லை, மரியாதைதான் வருகிறது. இந்தப் படத்தில் எனக்கு ரொம்பப் பிடித்தது அதுதான்.

குறையும் உண்டு. டீசலுக்கு வியாபாரியிடம் முன்பணம் வாங்கி, விளைந்ததை அவர் சொல்லும் விலைக்கே கொடுக்க வேண்டிய நிலை, காட்டுக்கழுதைச் சரணாலயமாக அறிவிக்கப்பட்ட நிலத்தில் தலைமுறைகளாக உழைத்தும் பட்டா இல்லாதது, இதையெல்லாம் படம் அழுத்திப் பேசவில்லை. வேலையின் அழகில் மனசு நிறைந்துவிடுவதால் கூலி பற்றிய கேள்வி பின்னுக்குப் போகிறது. வர்ணனைக் குரல் வேண்டாம், சரி, ஆனால் கணக்குப் பார்க்கும் காட்சிக்கு இன்னும் கொஞ்ச நேரம் கொடுத்திருக்கலாம்.

இருந்தாலும் தயங்காமல் பாருங்கள், குறிப்பாகத் தூத்துக்குடி, வேதாரண்யம் பக்கம் உப்பளங்களைப் பஸ் ஜன்னல் வழியாக மட்டுமே பார்த்தவர்கள். மொபைலில் வேண்டாம். அந்த வெளியின் விரிவு சின்னத் திரையில் தெரியவே தெரியாது. நல்ல ஸ்பீக்கரோ ஹெட்போனோ இருந்தால் இன்னும் நல்லது, ஏனென்றால் படம் முழுக்க டீசல் இன்ஜின் ஓடும் சத்தம்தான் பாதிக் கதையைச் சொல்கிறது.