ஆவோஷிமாவின் 'இச்சிபான்போஷி' லாரி கிட்: குரோமில் அவசரம் வேண்டாம்

1975 முதல் 1979 வரை ஜப்பானின் டோயெய் படநிறுவனம் எடுத்த பத்து 'டொராக்கு யாரோ' படங்களின் நாயகன் மொமோஜிரோ ஹோஷி ஓட்டும் அலங்கார லாரிதான் 'இச்சிபான்போஷி'. ஷிசுவோகாவின் ஆவோஷிமா நிறுவனம் இதை 1/32 அளவில், நாமே ஒட்டிச் சேர்க்கும் பிளாஸ்டிக் கிட்டாகத் தருகிறது.

முதல் படத்தின் திரைக்கதையை இயக்குநர் நொரிஃபுமி சுசுகியோடு சேர்ந்து எழுதியவர் ஷின்இச்சிரோ சவாய். 'ஹோஷி' என்றால் நட்சத்திரம். லாரியின் பெயரோ, மாலையில் முதலில் தெரியும் நட்சத்திரம். கூட்டாளி ஜோனதன் பிள்ளைகுட்டிக்காரன், முன்பு அதிக பாரம் ஏற்றிய லாரிகளை நடுங்கவைத்த போலீஸ்காரன். ஆளின் குணத்தை லாரியின் நெற்றியிலேயே எழுதி ஒட்டிய கதை அது. அதனால் பெயர்ப் பலகையும் விளக்குகளும் சொதப்பினால் கிட்டில் வேறெது சரியாக வந்தும் மனசு ஆறாது.

வாங்குமுன் பெட்டியின் அட்டையில் எந்தப் படத்தின் பெயர் இருக்கிறது என்று பாருங்கள். லாரியின் பக்கச் சித்திரம் படத்துக்குப் படம் மாறியது, கிட்டும் தனித்தனியாகத்தான் வருகிறது. 12 மீட்டர் லாரி இந்த அளவில் 37.5 செ.மீ. வரும், அலமாரியை அளந்துகொள்ளுங்கள்.

வேலை முழுக்க குரோம் முலாம் பூசிய பாகங்களில்தான். மாடல் சிமெண்ட் பிளாஸ்டிக்கைக் கரைத்து ஒட்டுவது. முலாம் குறுக்கே இருந்தால் பிடிக்காது. ஒட்டும் இடத்தில் மட்டும் முலாமையும் அதற்கு அடியிலுள்ள வார்னிஷையும் கத்திமுனையால் சுரண்டி, வெறும் பிளாஸ்டிக்கைக் கொண்டுவாருங்கள். பலர் முலாமோடு நிறுத்திவிடுகிறார்கள். பிறகு லேசாக இடித்தாலே பம்பர் கையோடு வந்துவிடும். பாகங்கள் இணைந்து வரும் பிளாஸ்டிக் சட்டத்திலிருந்து வெட்டும்போது முதலில் 2 மி.மீ. விட்டு வெட்டி, பிறகு ஒட்ட நறுக்குங்கள். மிஞ்சும் தழும்பை குரோம் மார்க்கரால் தொட்டுவிடலாம். சூப்பர் குளூவின் ஆவி குரோமிலும் கண்ணாடிப் பாகங்களிலும் வெண்படலமாகப் படியும், அதனால் விளக்கு மூடிகளுக்கு பி.வி.ஏ. எனும் வெள்ளைப் பசையே போதும். குரோம்மேல் லாக்கர் கிளியர் (நிறமற்ற மேற்பூச்சு) அடிக்கவே கூடாது, மினுக்கம் செத்துவிடும்.

விளக்குகளுக்கு டாமியா நிறுவனத்தின் ஒளி ஊடுருவும் 'கிளியர்' சாயங்கள்: ஆரஞ்சு எக்ஸ்-26, சிவப்பு எக்ஸ்-27, பச்சை எக்ஸ்-25. மூடியின் உட்புறத்தில் மெல்லிசாக இரண்டு தடவை பூசுங்கள். ஒரே தடவையில் அப்பினால் சாயம் ஓரத்தில் தேங்கிக் கருக்கும்.

பக்கச் சித்திரத்தின் டீக்கல் (தண்ணீரில் நனைத்து ஒட்டும் படலம்) பெரியது, பதற்றம் தருவதும் அதுதான். அடிப்பரப்பு நல்ல பளபளப்பாக இருக்கவேண்டும். சொரசொரப்பில் காற்று சிக்கி வெள்ளி பூத்ததுபோல் தெரியும். வெதுவெதுப்பான தண்ணீரில் 20–30 நொடி நனைத்து, தாளில் தானாக நழுவும்வரை காத்திருங்கள். லாரியின் பரப்பையும் ஈரமாக்கி, டீக்கலை வழுக்கி இறக்கி, நடுவிலிருந்து ஓரத்துக்குப் பஞ்சுக்குச்சியால் தண்ணீரைத் தள்ளுங்கள். மேடுபள்ளங்களில் மட்டும் டீக்கலை இளக்கும் திரவமான மார்க் சாஃப்டர் தடவி, காயும்வரை கைவைக்காதீர்கள். இளகிய டீக்கல் தொட்டால் கிழியும்.

முதல் கிட்டாக இதை யாருக்கும் சிபாரிசு செய்யமாட்டோம். நாலைந்து கார் கிட் முடித்தவர்கள் தாராளமாக வாங்கலாம், உழைப்புக்கு ஏற்ற லாரி. நெற்றிப் பலகையைக் கடைசியில் ஒட்டுங்கள், லாரியைக் கவிழ்த்துப் பிடிக்கும் வேலையெல்லாம் தீர்ந்த பிறகு.