ஆவணப்படமா, பிக் பாஸா?

"நடிக்க வேண்டாம், நீங்கள் நீங்களாகவே இருங்கள்." ஆவணப்படம் எடுப்பவரும் இதைத்தான் சொல்வார், ரியாலிட்டி ஷோ நடத்துபவரும் இதைத்தான் சொல்வார். ஆனால் ஒருவர் கேமராவைத் தூக்கிக்கொண்டு நம் வீட்டுக்கு வருகிறார். இன்னொருவர் கேமராக்கள் நிறைந்த தன் வீட்டுக்குள் நம்மை வைத்துப் பூட்டுகிறார்.

தமிழ் பிக் பாஸ் 2017இல் தொடங்கியது. சுமார் 100 நாள், போன் கிடையாது, கடிகாரம் கிடையாது, செய்தித்தாள் கிடையாது. நாள் முழுக்கப் பேசியதில் எந்தத் துண்டு ஒளிபரப்பானது என்று உள்ளே இருப்பவருக்குத் தெரியாது. வெளியே 'ஓவியா ஆர்மி' என்று ஊரே கொண்டாடியபோது, அந்தப் பாசத்தின் முழு அளவை அறிய ஓவியாவுக்கு வழியில்லை. ஆகஸ்டில் அவராகவே வெளியேறினார். அதை நினைத்தால் இன்றும் எனக்கு மனசு கனக்கிறது.

சரி, பலனே இல்லையா? இருக்கிறது. சம்பளம் உண்டு, வாய்ப்பும் வரும். அதே சீசனில் இருந்த ஹரிஷ் கல்யாணும் ரைசாவும் அடுத்த ஆண்டே ஜோடியாகப் படம் நடித்தார்கள். ஆவணப்படத்தில் பெரும்பாலும் இந்த மாதிரிப் பணத்தை எதிர்பார்க்க முடியாது.

இருந்தும் என் ஓட்டு ஆவணப்படத்துக்குத்தான். பிரிட்டனின் 'அப்' (Up) ஆவணப்படத் தொடரைப் பாருங்கள். 1964இல் ஏழு வயதுப் பிள்ளைகள் 14 பேரோடு தொடங்கி, ஏழு ஆண்டுக்கு ஒருமுறை அதே ஆட்களைத் தேடிப்போனது. 2019இல் அவர்களுக்கு 63 வயது. அதிலும் தவறு நடந்தது. கிழக்கு லண்டன் பையன் ஒருவன் கெட்டுத்தான் போவான் என்று இயக்குநர் மைக்கேல் ஆப்டெட் முடிவுகட்டி, அவனுடைய 21 வயதில், குற்றங்களுக்குப் பேர்போன இடங்களுக்குக் காரில் கூட்டிப்போகச் சொல்லிப் படம்பிடித்தார். அவனோ டாக்ஸி ஓட்டிப் பிழைத்தான், கல்யாணம் செய்தான், பிள்ளைகளை வளர்த்தான். அடுத்தடுத்த படங்களில் அதையும் பார்த்தோம். தன் கணிப்பு தப்பு என்று ஆப்டெட்டும் ஒப்புக்கொண்டார். பிக் பாஸில் 'வில்லி' என்று பெயர் வாங்கியவரை ஏழு ஆண்டு கழித்து யார் தேடிப்போகிறார்கள்?

'அப்' பிள்ளைகளில் இன்னொருவர் 28 வயதில், அன்றைய பிரதமர் தாட்சரின் அரசைக் கேமரா முன்னால் குறைசொன்னார். பத்திரிகைகள் அவரைக் கிழித்தெடுத்தன. விலகிப்போனார். அவர் இல்லாமலே தொடர் போய்க்கொண்டிருந்தது. அப்புறம் 56 வயதில், தன் இசைக்குழுவை நாலு பேருக்குத் தெரியப்படுத்த வேண்டும் என்று, அவராகவே வந்து அதே கேமரா முன்னால் உட்கார்ந்தார்.