ஓடின் மென்பொருள்: திறமை உண்டு, விளக்கம் இல்லை

சாம்சங் கைப்பேசி லோகோவிலேயே நின்றுவிட்டாலும், அப்டேட் பாதியில் அறுந்து திறக்க மறுத்தாலும், பழுது நீக்குவோர் பெரும்பாலும் நாடுவது, போனை இயக்கும் அடிப்படை மென்பொருளான ஃபர்ம்வேரைக் கணினியிலிருந்து மீண்டும் ஏற்றும் ஓடின் என்னும் விண்டோஸ் மென்பொருளைத்தான். சாம்சங் தன் உள்வேலைகளுக்காக உருவாக்கிய இந்தக் கருவி பொதுமக்களுக்கென்று வெளியிடப்பட்டதல்ல. ஆகவே பிழைகளுக்கான விளக்கம் எதுவும் இதனுடன் வருவதில்லை.

வேலைத்திறனில் இதைக் குறை சொல்ல இடமில்லை. பிஎல் (போனைத் தொடங்கிவைக்கும் பூட்லோடர்), ஏபி (இயங்குதளம்), சிபி (மோடம்), சிஎஸ்சி (நாடு, நெட்வொர்க் சார்ந்த அமைப்புகள்) ஆகிய கட்டங்களில் உரிய கோப்புகளை ஏற்றி, போனை டவுன்லோட் மோடில் (ஃபர்ம்வேரை ஏற்றுவதற்கான தனி நிலை) இணைத்து ஸ்டார்ட்டை அழுத்தினால், எல்லாம் பொருந்தியிருக்கும்போது சில நிமிடங்களில் பச்சை நிறத்தில் ‘பாஸ்’ என்று வந்துவிடுகிறது.

பொருந்தாதபோது சிவப்பில் ‘ஃபெயில்’ என்று மட்டும் காட்டிவிட்டு நின்றுவிடுவதே இதன் பெருங்குறை. ‘செட்டப் கனெக்‌ஷன்’ வரியில் உறைந்தால் கேபிளையும் யுஎஸ்பி போர்ட்டையும் மாற்றி, டிரைவரை மீண்டும் நிறுவி, போனைப் புதிதாக டவுன்லோட் மோடுக்குக் கொண்டுசென்றால் பெரும்பாலும் சரியாகிவிடும். கோப்பு முழுமையாக இருக்கிறதா என்று சரிபார்க்கும் எம்டி5 சோதனையில் பிழை வந்தால் பெரும்பாலும் கோப்பு சிதைந்திருக்கும். மறுபடி இறக்கிக்கொள்ள வேண்டியதுதான்.

‘ஃபெயில் ஆத்’ (போன் கோப்பை ஏற்க மறுப்பது) என்ற பிழைதான் பலரை அலைக்கழிக்கிறது. கேபிளையும் கணினியையும் மாற்றி மாற்றிப் பார்ப்பவர்கள், உண்மைக் காரணம் போனின் திரையிலேயே சிறு எழுத்துகளில் எழுதப்பட்டிருப்பதைக் கவனிப்பதில்லை. அங்கே ‘ரெவ் செக் ஃபெயில்’ என்பதை அடுத்து டிவைஸ் 5, பைனரி 4 என்று இருந்தால், போனில் உள்ள பூட்லோடரைவிடப் பழைய ஃபர்ம்வேரை ஏற்ற முயல்கிறோம் என்று பொருள். பழைய பாதுகாப்பு ஓட்டைகள் வழியே மறுபடி யாரும் நுழையக் கூடாது என்பதற்காகவே வைக்கப்பட்ட இந்தத் தடையை எத்தனை முறை முயன்றாலும் தாண்ட முடியாது. ஃபர்ம்வேரின் பில்ட் எண்ணில் (அதன் பதிப்பைக் காட்டும் குறியீட்டுத் தொடர்) கடைசியிலிருந்து ஐந்தாவதாக வரும் குறியீடுதான் இந்தப் பைனரி எண். பல ஜிபி கோப்பை இறக்குவதற்கு முன்பே அதை ஒப்பிட்டுப் பார்த்துவிட்டால் ஒரு நாள் உழைப்பு மிஞ்சும். போனில் வரும் அந்த ‘ரெவ் செக்’ வரியைக் கணினித் திரையிலும் காட்டியிருந்தால் எவ்வளவு பேருக்கு உதவியாக இருந்திருக்கும் என்பது என் ஆதங்கம்.

எச்சரிக்கை செய்ய வேண்டிய இடத்திலும் ஓடின் பேசுவதில்லை. சிஎஸ்சி கோப்பைத் தேர்ந்தெடுத்தால் போனிலுள்ள படங்களும் தொடர்பு எண்களும் உட்பட அனைத்தும் அழிந்துவிடும். தரவு நிலைக்க வேண்டுமானால் அதே தொகுப்பில் வரும் ஹோம் சிஎஸ்சியை எடுக்க வேண்டும். போனின் சேமிப்பகத்தை மறுபடி பிரிக்கும் ரீபார்ட்டிஷன் கட்டத்தையும், அந்த மாடலுக்கே உரிய பிட் கோப்பு (சேமிப்பகப் பிரிவுகளின் வரைபடம்) கையில் இல்லாமல் தொடக் கூடாது. இடையில் மின்சாரம் போய் ஃபர்ம்வேர் ஏற்றுவது நின்றுவிட்டால் மட்டும் அஞ்ச வேண்டாம்: சாம்சங்கின் கணினி மென்பொருளான ஸ்மார்ட் ஸ்விட்ச்சைப் பயன்படுத்தச் சொல்லும் பிழைத்திரை தோன்றினாலும், அந்த நிலையிலேயே கேபிளை இணைத்து, சரியான ஃபர்ம்வேரை முதலிலிருந்து மீண்டும் ஏற்ற ஓடின் பொதுவாக இடம் தருகிறது.